மம்பட்டிக் கணையால (கைப்பிடியால) ஒரே அடி, 103 (கொலை) போட்டிருக்காங்க. 105 (கொலையாகாத மரணம்) ஆகுமா? விவரம் தெரிஞ்சவங்க சொல்லுங்க

வரப்போரம்:
எல்லாருக்கும் வணக்கம். சுத்தி வளைக்காம சொல்லிர்றேன். எங்க சித்தப்பா மகன், எனக்குத் தம்பி, வயசு 26. முறைத்தண்ணி தகராறு. பக்கத்து வயக்காரரு எங்க மடைய அடைச்சு அவரு பக்கம் திருப்பி விட்டுட்டாரு, இவன் போய் என்னன்னு கேட்டுருக்கான், அவரு எங்க சித்திய இழுத்து வச்சு அசிங்கமா பேச, ரெண்டு பேரும் சட்டையப் பிடிச்சு தள்ளிக்கிட, இவன் கைல இருந்த மம்பட்டிக் கணையால ஓங்கி ஒரு அடி. ஒண்ணே ஒண்ணுதான். அது தலைல விழுந்துட்டு. அவரு அப்படியே வாய்க்கால்ல சாஞ்சிட்டாரு, இவனே தூக்கி இன்னொரு பையன பின்னாடி உக்கார வச்சு பைக்லயே ஆஸ்பத்திரி கொண்டு போயிருக்கான். ஒம்பதாம் நாள் பெரியாஸ்பத்திரில அவரு தவறிட்டாரு. முதல்ல கொடுங்காயம்னு 118(2) போட்டிருந்தாங்க, இறந்த அன்னைக்கு சாயங்காலமே 103-க்கு மாத்தி கோர்ட்டுக்கு அனுப்பிட்டாங்க. இவன் கொல்லணும்னு நெனைக்கலங்க, இது எப்படி கொலையாகும்? 105 ஆக்க என்ன செய்யணும்?

டீக்கடை_பெஞ்ச்:
ப்ரோ கவலையே படாதீங்க, ஒரே அடின்னா கொலை கிடையாது, பழைய 304 பார்ட் டூ (இப்ப 105) தான் வரும். ரெண்டு அடிக்கு மேல போனாதான் 302 (இப்ப 103). எங்க ஏரியால ஒரு கேஸ் அப்படித்தான் முடிஞ்சுது

செஷன்ஸ்_வராண்டா:
பெஞ்ச் தம்பி சொல்றத நம்பி யாரும் வீட்டுல நிம்மதியா தூங்கிராதீங்க. "ஒரே அடின்னா 304"ன்னு சட்டத்துல ஒரு வரியும் கிடையாது. 17 வருஷமா செஷன்ஸ்லதான் ஓடிட்டு இருக்கேன், வாரத்துக்கு ஒரு சொந்தக்காரராவது இதே வசனத்தோட வந்து நிப்பாரு.

விர்சா சிங் கேஸ்னு ஒண்ணு, பஞ்சாப், 1958-ல சுப்ரீம் கோர்ட் தீர்ப்பு. ஈட்டியால வயித்துல ஒரே ஒரு குத்து, குடல் வெளிய வந்துருச்சு, மறுநாள் ஆள் போயிட்டாரு. கொல்லணும்னு நெனைக்கலன்னுதான் அங்கயும் வாதம். நீதிபதி விவியன் போஸ் என்ன சொன்னாருன்னா, நீ கொல்ல நெனைச்சியாங்கறது இந்த இடத்துல கேள்வியே இல்ல, அந்தக் காயத்த உண்டாக்கணும்னு நெனைச்சுதான் குத்துனியா, இல்ல கை தவறிப் பட்டுச்சா, வேற இடத்துக்குக் குறி வச்சியா, அது மட்டுந்தான் கேள்வி. நெனைச்சுக் குத்துனதுதான்னு ஆயிருச்சுன்னா அடுத்து அந்தக் காயம் இயல்பான போக்குல உயிரப் போக்கப் போதுமானதான்னு டாக்டர் சாட்சிய வச்சுப் பாக்கணும், அதுக்கும் அடிச்சவன் மனசுக்கும் சம்பந்தம் இல்ல. ரெண்டும் ஆமான்னா கொலைதான். அந்தாளுக்கு ஒத்தக் குத்துக்குதான் 302.

வரப்போரம் சார், நீங்க எழுதுனதுல ஒண்ணு விட்டுப் போச்சு. இறந்தவர் கைல என்ன இருந்துச்சு?

மூணாம்வருஷ_சட்டம்:
வக்கீல் சார் சொன்னது பழைய ஐபிசில 300-ல மூணாவது பிரிவு, இப்ப அதுக்குப் பதிலா வந்த பிஎன்எஸ்ல (பாரதிய நியாய சன்ஹிதா) 101. நான் இப்பதான் எக்ஸாமுக்கு இதையே உருட்டிட்டு இருக்கேன் அதனால கொஞ்சம் நீளமா எழுதறேன் திட்டாதீங்க. எல்லாரும் குழம்பறது எங்கன்னா, கொலை ஒரு குற்றம், கொலையாகாத மரணம் வேற ஒரு குற்றம்னு நெனைச்சுக்கறாங்க. அப்படி இல்ல. மரணம் விளைவிக்கிற குற்றம்ங்கறது பெரிய வட்டம் (பழைய 299, இப்ப 100), அதுக்குள்ள கொடூரமான ஒரு பகுதிய மட்டும் எடுத்து கொலைன்னு பேர் வச்சிருக்காங்க. அதனால முதல்ல பெரிய வட்டத்துக்குள்ள வருதான்னு பாத்துட்டு அப்பறம்தான் உள் வட்டத்துக்குப் போகணும், அப்பறம் அஞ்சு விதிவிலக்குல ஏதாவது வெளிய இழுக்குதான்னு பாக்கணும். 1976 புன்னய்யா கேஸ்ல நீதிபதி சர்க்காரியா இத படிப்படியா எழுதியிருப்பாரு, எங்க சார் அத மனப்பாடமே பண்ண சொல்லிட்டாரு.

ரெண்டு வட்டத்துக்கும் வித்தியாசம் ஒரு வார்த்தைலதான் தொங்குது. பெரிய வட்டத்துல "உயிர் போகக்கூடிய" காயம், கொலைல "உயிர் போக்கப் போதுமான" காயம். போகக்கூடியதுன்னா போனாலும் போகலாம். போதுமானதுன்னா விட்டா போயிரும். 1876-ல பம்பாய் ஹைகோர்ட்ல கோவிந்தான்னு ஒரு கேஸ், புருஷனுக்கு வயசு 18, பொண்டாட்டிக்கு 15. கீழ தள்ளி நெஞ்சுல முட்டிய வச்சு மூஞ்சில ரெண்டு மூணு குத்து, வெறுங்கையால. மூளைல ரத்தம் கசிஞ்சு அந்தப் பொண்ணு செத்துருச்சு. நீதிபதி மெல்வில், ஆயுதம் இல்ல, கைக்குத்து சாதாரணமா உயிரெடுக்கப் போதாது, ஆனா உயிர் போகக்கூடியதுதான், அதனால கொலை இல்லன்னாரு. 150 வருஷமாச்சு இன்னும் எல்லா காலேஜ்லயும் முதல் கேஸ் இதான். படிக்கறப்ப எனக்கு கஷ்டமாதான் இருந்துச்சு, 15 வயசுப் பொண்ணு.

புன்னய்யா கேஸ் அதுக்கு நேர் எதிர். ஆந்திரால ஒரு ஊர்ல பெரியவர் ஒருத்தர தடிக்கம்பால கைலயும் கால்லயும் மட்டுமே அடிச்சிருக்காங்க, 19 காயம், தலை நெஞ்சு வயிறு எதையும் தொடல. உயிர்நிலைல அடிக்கலையேன்னு ஹைகோர்ட் 304 பார்ட் டூவா குறைச்சிருச்சு, சுப்ரீம் கோர்ட் திரும்ப 302 ஆக்கிருச்சு. அத்தனை எலும்பையும் உடைச்சா போதும்தான, உயிர் போக.

ஒருமகள்:
இத்தனை பேரும் அடிச்ச பையனுக்காகவே பேசறீங்க. எங்கப்பா 2011-ல இதே மாதிரிதான் போனார். பொங்கலுக்கு முந்தின வாரம், சீட்டுப் பணம் கேக்கப் போன இடத்துல, ஒரு அடி. அடிச்சவனுக்கு 304 பார்ட் டூ, அஞ்சு வருஷம், அதுவும் முழுசா உள்ள இருக்கல. இப்ப எங்க தெருவுலதான் கடை வச்சிருக்கான், எங்கம்மா பால் வாங்க அடுத்த தெரு வரைக்கும் சுத்திப் போறாங்க. "கொல்லணும்னு நெனைக்கல"ன்னு சொன்னா எங்களுக்கு என்ன ஆகப் போகுது. அப்பா வரப் போறாரா?

வரப்போரம்:
அக்கா, உங்க கிட்ட என்ன சொல்றதுன்னு தெரியல. இறந்தவரும் எங்களுக்கு ஒண்ணும் விரோதி இல்ல, எங்க தாத்தா எழவுக்கு நெருப்புச் சட்டி முன்னாடி நடந்தவரு. அவரு மகன் என் கூட பத்தாவது வரைக்கும் படிச்சவன், இப்ப ரோட்டுல பாத்தா மூஞ்சியத் திருப்பிக்கிடுதான். திருப்பத்தான் செய்வான்.

வக்கீல் சார், அவரு கைலயும் மம்பட்டி இருந்துச்சுன்னு எங்க தம்பி சொல்லுதான். மடை அடைச்சது அதை வச்சுதான. ஆனா எஃப்ஐஆர்ல அதப் பத்தி ஒண்ணும் இல்ல, "மம்பட்டியால் தலையில் வெட்டினான்"னு மட்டும் இருக்கு. வெட்டவே இல்ல சார், திருப்பிப் பிடிச்சு கணையாலதான் அடிச்சிருக்கான்.

செஷன்ஸ்_வராண்டா:
மகளே, நீங்க கேட்டதுக்கு எங்கிட்ட பதில் இல்ல. ஒண்ணு மட்டும் சொல்றேன், 304-ங்கறது விடுதலை கிடையாது, அதுவும் ஆளக் கொன்ன குற்றம்தான். ஆனா தண்டனைல இருக்கற இடைவெளி பெருசு, அதுதான் உங்க வீட்டு ஆளுங்களுக்கு வலிக்குது. கொலைன்னா தூக்கு இல்ல ஆயுள், அதுக்குக் கீழ நீதிபதியே நெனைச்சாலும் இறங்க முடியாது. பழைய 304 ரெண்டாம் பாகத்துல வெறும் அபராதத்தோட கூட விடலாம்னு இருந்துச்சு. பிஎன்எஸ் 105-ல அத மாத்திட்டாங்க, கொல்ற எண்ணத்தோட இல்ல உயிர் போகக்கூடிய காயத்த உண்டாக்கற எண்ணத்தோட செஞ்சதுன்னா (பழைய முதல் பாகம்) குறைஞ்சது 5 வருஷம், மேல 10 வருஷம் இல்ல ஆயுள், உயிர் போகலாம்ங்கற அறிவு மட்டும் இருந்து எண்ணம் இல்லன்னா (பழைய ரெண்டாம் பாகம்) 10 வருஷம் வரைக்கும், அபராதமும் கட்டாயம். 2024 ஜூலை 1-ல இருந்து நடந்ததுக்குதான் இது.

வரப்போரம், நான் கைல என்ன இருந்துச்சுன்னு கேட்டது சும்மா இல்ல. உங்க கேஸுக்கு ரெண்டு வழி இருக்கு. ஒண்ணு, தலைக்குக் குறி வைக்கலன்னு காட்டறது. ஹர்ஜிந்தர் சிங்னு 1968 தீர்ப்பு, கைகலப்புல கத்தி தொடைல இறங்கி பெரிய ரத்தக்குழாய் அறுந்து ஆள் போயிட்டாரு, அந்த இடத்துல அந்தக் காயத்த உண்டாக்கணும்னு நெனைச்சான்னு சொல்ல முடியாதுன்னு 304 முதல் பாகமா ஆக்குனாங்க. தோளுக்கு ஓங்குனது, அவர் திரும்புனதுல தலைல பட்டுச்சுன்னா இது பேசும். ஆனா அத உங்க தம்பி இப்ப யோசிச்சு சொல்லக் கூடாது, சாட்சி வாயில இருந்து வரணும்.

ரெண்டாவது நாலாம் விதிவிலக்கு. திடீர் சண்டை, முன்திட்டம் இல்ல, ஆத்திர வேகம், கூடவே கொடூரமா நடக்கல, எதிராளி நிலைமைய அனுகூலமா எடுத்துக்கல. இதுல எல்லாரும் கோட்டை விடற இடம் "சண்டை"ங்கற வார்த்தை. வாய்த்தகராறு சண்டை ஆகாது. ரெண்டு பக்கமும் கை நீளணும். பகவான் முஞ்ஜாஜி பவாடேன்னு 1978-ல மகாராஷ்டிரா கேஸ், திடீர் தகராறு சரி, ஆனா இறந்தவர் வெறுங்கையா நின்னாரு, இது சண்டையே இல்லன்னு விதிவிலக்க மறுத்துட்டாங்க. இப்ப புரியுதா, அந்த இன்னொரு மம்பட்டி எங்க? போலீஸ் மகஜர்ல (கைப்பற்றுன பொருளப் பத்தி எழுதற பேப்பர்ல) இருக்கா?

டீக்கடை_பெஞ்ச்:
சரி ஒத்த அடி தியரி தப்புன்னு ஒத்துக்கறேன் 😐 ஆனா அம்மாவப் பத்தி அசிங்கமா பேசிருக்காரே, அது முதல் விதிவிலக்கு, கோபமூட்டல், அதுல போலாமே? நானாவதி கேஸ் மாதிரி

மூணாம்வருஷ_சட்டம்:
நானாவதி கேஸ்ல அந்த விதிவிலக்கு கிடைக்கவே இல்ல அண்ணே! எல்லாரும் ஜூரி விடுதலை பண்ணதோட கதைய நிறுத்திக்கறாங்க. 1959 ஏப்ரல், அகுஜாங்கறவரோட தனக்கு உறவு இருக்குன்னு மனைவி சொன்னதக் கேட்டதும் கடற்படை அதிகாரி நானாவதி உடனே போய் அவர சுடல. மனைவியையும் பிள்ளைங்களையும் சினிமா தியேட்டர்ல கொண்டு விட்டுட்டு, கப்பலுக்குப் போய் வேற காரணம் சொல்லி ரிவால்வர் வாங்கிட்டு, அகுஜாவோட ஆபீஸுக்குப் போய் அங்க ஆள் இல்லன்னதும் வீட்டுக்குப் போயிருக்காரு. கிட்டத்தட்ட மூணு மணி நேரம். கோபம் ஆறறதுக்கு நேரம் இருந்துச்சு, திட்டம் போட்டிருக்காருன்னு 1961-ல சுப்ரீம் கோர்ட் கொலைதான்னு உறுதி பண்ணிருச்சு. வெளிய வந்தது கவர்னர் மன்னிப்புல.

ஆனா நம்ம மெட்ராஸ் ஹைகோர்ட் இதுல வேற ரூட்டு போட்டிருக்கு, எனக்கு இந்த சப்ஜெக்ட்லயே பிடிச்ச இடம் அதான். சுயம்புக்கனி கேஸ், 1989. வீட்டுக்காரன் கொடுமை தாங்காம பிள்ளைங்களோட கிணத்துல குதிச்சு, பிள்ளைங்க போய் அம்மா மட்டும் பொழச்சுக்கற கதை நம்மூர்ல புதுசு இல்லையே. பொழச்சவ மேல 302. திடீர்க் கோபமூட்டல்னு சொல்லவும் முடியாது, ஏன்னா அது வருஷக்கணக்கா ஊறுனது, அதோட பிள்ளைங்களா கோபமூட்டுச்சு? கோர்ட் இத நல்லதங்காள் நோய்னே பேர் வச்சு, நீடித்த கோபமூட்டல்னு ஒரு கருத்த எடுத்து 302-ல இருந்து 304-க்கு இறக்குச்சு. சட்டப் புத்தகத்துல இல்லாத ஒண்ண நம்ம கதைப் பாட்டுல வர்ற நல்லதங்காள வச்சு உள்ள கொண்டு வந்திருக்காங்க பாருங்க. 2022-ல தௌவாராம் நிர்மல்கர்னு சத்தீஸ்கர் கேஸ், குடிச்சிட்டு வந்து தொந்தரவு பண்ணிட்டே இருந்த கூடப்பிறந்தவனக் கொன்னது, அதுல சுப்ரீம் கோர்ட்டும் நாள்பட்ட கோபமூட்டல கணக்குல எடுத்துக்கிச்சு.

வரப்போரம் அண்ணன் கேஸுக்கு இது ஒத்து வராதுன்னுதான் நெனைக்கறேன். ஒரு கெட்ட வார்த்தைக்கு சாதாரண ஆள் மம்பட்டிய ஓங்குவானான்னு ஜட்ஜ் கேப்பாரு.

நைட்_ட்யூட்டி:
குறுக்க வர்றதுக்கு மன்னிக்கணும். நான் வக்கீல் இல்ல, அரசு ஆஸ்பத்திரில கேஷுவாலிட்டி பக்கம் 28 வருஷம் இருந்து ரிட்டையர் ஆனவன். நீங்க எல்லாரும் தீர்ப்பப் பத்தி பேசறீங்க, நான் பாத்த வரைக்கும் கேஸோட பாதி அந்த ராத்திரி கேஷுவாலிட்டில எழுதற ஏ.ஆர். புக்லயே (அடிபட்டு வர்றவங்கள பதியற ஆக்சிடென்ட் ரிஜிஸ்டர்) முடிஞ்சு போயிருது. கொண்டு வந்தவங்க கிட்ட டாக்டர் கேப்பாரு, யாரு அடிச்சா, எதால, எப்ப, எங்க. "தெரிந்த ஒரு நபர், கட்டையால், இத்தனை மணிக்கு"ன்னு ஒரு வரி. அப்ப எவனுக்கும் 302-ம் தெரியாது 304-ம் தெரியாது, அதனால அப்ப வாய்ல வர்றதுதான் பெரும்பாலும் நிஜம். ரெண்டு நாள் கழிச்சு புகார் எழுதறப்ப கட்டை அருவா ஆயிரும், ஒரு ஆள் நாலு ஆள் ஆயிரும். அந்த ஏ.ஆர். காப்பிய வாங்கிப் பாருங்க தம்பி.

அடுத்தது பிரேதப் பரிசோதனை ரிப்போர்ட். மம்பட்டி வாயால வெட்டுனா தோல் ஓரம் கத்தரிச்ச மாதிரி இருக்கும். கணைன்னா தோல் நசுங்கிக் கிழிஞ்சிருக்கும், ஓரம் பிசிறடிச்சு, சுத்தி கன்னிப் போயிருக்கும், உள்ள மண்டையோடு விரிசல் விட்டிருக்கும். இத டாக்டரால மறைக்கவும் முடியாது மாத்தவும் முடியாது.

பைபாஸ்_ரைடர்:
இடைல ஒரு டவுட்டு, குடிச்சிட்டு வண்டி ஏத்துனா 106 தான வரும்? 105 எப்படி போடறாங்க சில கேஸ்ல?

செஷன்ஸ்_வராண்டா:
கவனக்குறைவுன்னா 106. குடிச்சிட்டு ஓட்டுனா ஆள் சாகும்னு தெரிஞ்சே ஓட்டுனதா எடுத்துக்கிட்டா 105. பம்பாய்ல 2006-ல பிளாட்பாரத்துல தூங்குன கூலித் தொழிலாளிங்க 7 பேர் மேல கார் ஏறுன அலிஸ்டர் பெரைரா கேஸ், 2012-ல சுப்ரீம் கோர்ட் 304 ரெண்டாம் பாகத்த உறுதி பண்ணுச்சு, தண்டனை 3 வருஷம்தான். இது பெரிய விஷயம், தனியா இழை போடுங்க, இங்க வேண்டாம்.

நைட் ட்யூட்டி ஐயா சொன்னது லட்சத்துல ஒரு வார்த்தை. நான் கேஸ் கட்டு கைக்கு வந்தா எஃப்ஐஆர கடைசியாத்தான் படிப்பேன்.

டீக்கடை_பெஞ்ச்:
இன்னொண்ணு கேக்கறேன், ஒம்பது நாள் ஆஸ்பத்திரில இருந்தாரே, டாக்டருங்க சரியா பாக்கலன்னு சொன்னா? அங்க ஒழுங்கா பாத்திருந்தா பொழச்சிருப்பாருன்னு

மூணாம்வருஷ_சட்டம்:
அந்தக் கதவ 1860-லயே மூடிட்டாங்க அண்ணே, பழைய 299-க்குக் கீழ இருக்கற விளக்கம் ரெண்டு. நல்ல வைத்தியம் கிடைச்சிருந்தா பொழச்சிருப்பாருங்கறது அடிச்சவனுக்கு உதவாது. ஆனா ஒம்பது நாள்ல வேற ஏதாவது வந்து, அடிபட்ட காயத்துக்கு சம்பந்தமே இல்லாம போயிருந்தா அது வேற.

சாவு எதால வந்துச்சுங்கறதுல எவ்வளவு விளையாட்டு இருக்குன்னா, 1919 மெட்ராஸ் ஃபுல் பெஞ்ச், பழனி கவுண்டன் கேஸ். கலப்பைக் கொழுவால பொண்டாட்டி தலைல அடிச்சிட்டாரு, அந்தம்மா மயங்கி விழுந்ததும் செத்துட்டாங்கன்னு நெனைச்சு, தற்கொலைன்னு காட்ட கயித்துல தொங்க விட்டாரு. செத்தது அடியால இல்ல, கயித்தால. அடிக்கறப்ப கொல்ற எண்ணம் இல்ல, தொங்க விடறப்ப அவர் கணக்குல அது பிணம், பிணத்தக் கொல்ல எப்படி எண்ணம் வரும்னு கொலையும் இல்ல, கொலையாகாத மரணமும் இல்லன்னுட்டாங்க, கொடுங்காயம் மட்டும். 1943-ல தவமணி கேஸ்ல அதே மெட்ராஸ் ஹைகோர்ட், முதல்ல இருந்தே கொல்ற எண்ணத்தோட அடிச்சிட்டு, செத்துட்டாங்கன்னு கிணத்துல போட்டது, அங்க ரெண்டையும் ஒரே செயலா எடுத்துக்கிட்டு கொலைன்னாங்க.

ஒருமகள்:
கலப்பைக் கொழு, மம்பட்டி, கிணறு. எல்லாம் வீட்டுல கிடக்கற சாமான்தான்.

செஷன்ஸ்_வராண்டா:
ஆமாம்மா. அதனாலதான் கோர்ட்டு ஆயுதத்தக் கொண்டு வந்தானா, கைல ஏற்கனவே இருந்ததான்னு முதல்ல பாக்குது. 2006 புலிசெர்ல நாகராஜு தீர்ப்புல இதெல்லாம் வரிசையா இருக்கும், என்ன ஆயுதம், எந்த இடத்துல அடி, எவ்வளவு வேகம், பழைய பகை உண்டா, எத்தனை அடி. வயல்ல நிக்கறவன் கைல மம்பட்டி இருக்கறது இயற்கை, பஸ் ஸ்டாண்டுல நிக்கறவன் கைல இருந்தா கதையே வேற. 2023-ல அன்பழகன்னு தமிழ்நாட்டு கேஸ், அதுவும் வயல் தகராறு, களைக்கொத்து மாதிரி சாமானால தலைல ஒரு அடி, சுப்ரீம் கோர்ட் 304 முதல் பாகத்த ரெண்டாம் பாகமா குறைச்சது. ஆனா அதே தீர்ப்புல ஒரே அடியும் கொலையாகலாம்னு எழுதியிருக்காங்க, பெஞ்ச் தம்பி குறிச்சு வச்சுக்கோங்க.

போலீஸ் 103 போட்டதுனால முடிஞ்சு போச்சுன்னும் நெனைக்காதீங்க வரப்போரம். குற்றச்சாட்டு வனையறப்ப செஷன்ஸ் ஜட்ஜே 105-ஆ வனையலாம், 103-ல வனைஞ்சாலும் கடைசில 105-ல தண்டிக்கலாம், தனியா மனு எல்லாம் தேவையில்ல. இப்ப நீங்க பண்ண வேண்டியது பேப்பர் சேக்கறது.

வரப்போரம்:
நாலு நாளா இழைக்கு வர முடியல, மன்னிக்கணும். எங்க வக்கீல் மூலமா பேப்பர் கொஞ்சம் வந்துட்டு. ஏ.ஆர். காப்பில "தெரிந்த ஒரு நபர் மம்பட்டிக் கட்டையால்"னு இருக்கு, வெட்டுன்னு இல்ல. பிரேதப் பரிசோதனைல நைட் ட்யூட்டி ஐயா சொன்ன மாதிரியே, வலது பக்கம் காதுக்கு மேல நசுங்கிக் கிழிஞ்ச காயம், மண்டையோடு விரிசல், உள்ள ரத்தக்கட்டு. வேற காயம் எதுவும் இல்ல. கடைசில டாக்டர் "போதுமான"னு எழுதல சார், தலைக்காயத்தின் விளைவால் இறந்தார்னு மட்டும் இருக்கு.

மகஜர்ல மம்பட்டி ஒண்ணுதான்.

செஷன்ஸ்_வராண்டா:
காதுக்கு மேலயா. அப்ப பக்கவாட்டு அடி, மேல இருந்து உச்சில இறக்குனது இல்ல. குறி எங்கன்னு பேச அது உதவும். "போதுமான"னு எழுதலன்னு சந்தோஷப்படாதீங்க, விசாரணைல அரசு வக்கீல் எழுந்து இந்தக் காயம் இயல்பான போக்குல உயிர் போக்கப் போதுமானதான்னு ஒரு கேள்வி கேப்பாரு, டாக்டர் ஆமான்னு ஒரு வார்த்தை சொல்லுவாரு, அம்புட்டுதான். உங்க வக்கீல் குறுக்கு விசாரணைல அதுக்குத் தயாரா இருக்கணும்.

ரெண்டாவது மம்பட்டி?

வரப்போரம்:
அது அவங்க வீட்டுலதான் சார் இருக்கு. நேத்து அந்தப் பக்கமா போனேன், அவரு மகன் அத வச்சுதான் மடை வெட்டிட்டு நிக்கான்.